சிவப்புக் கோட்டின் விலை



இம்மாதத்தில் மட்டும் மூன்று பேர் என்னிடம் ஒரே கேள்வியைக் கேட்டுவிட்டார்கள். புதிய வண்டி வாங்கப் போகிறார்களாம். அதே வண்டியில் ‘ஸ்போர்ட்டி’ அலங்காரத்தோடு ஒரு வகை விற்கிறதாம். அதற்குக் கூடுதல் பணம் கொடுக்கலாமா என்பது கேள்வி. பிள்ளைகளுக்கு ஓதிக் கொடுப்பவனும், கல்லூரியில் வரலாறு படித்தவனுமாகிய என்னிடம் இதை ஏன் கேட்கிறார்கள் என்றால், அதற்குக் காரணம் என் சகோதரியின் குடும்பம். அவர்களுடைய வண்டி விவகாரத்தில் நான் தலையிட்ட கதை இந்த மலை முழுவதும் பரவிவிட்டது. ஆகவே அதையே இங்கு எழுதிவிடுகிறேன்.

2024ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம், நோன்புப் பெருநாள் முடிந்த மறுவாரம். பண்ணைக்காட்டிலிருந்து என் சகோதரியின் மகன் மத்ரஸா வாயிலில் வந்து நின்றான். கையில் வழவழப்பான தாளில் அச்சிட்ட விளம்பரக் கையேடு ஒன்று.

“மாமு, வண்டி வாங்க அத்தா சம்மதிச்சுட்டாங்க. ஆனா எந்த வகைன்னு உங்களைக் கேட்டு முடிவு பண்ணச் சொல்லிட்டாங்க” என்றான். முகத்தில் பாதி மகிழ்ச்சி, பாதி அச்சம்.

மச்சான் காபியும் மிளகும் பயிரிடுபவர். வட்டிக்குக் கடன் வாங்கும் வழக்கம் அந்த வீட்டில் தலைமுறையாக இல்லை. எட்டு ஆண்டுகளாகச் சிறுகச் சிறுகச் சேர்த்த தொகை அது. வீட்டிலிருந்த பழைய ஜீப்பில் மச்சானின் தாயாரை இனி ஏற்ற முடியாது என்ற நிலை வந்ததால்தான் அதைத் தொட்டார். அந்த அம்மையாருக்கு முதுகெலும்புத் தேய்மானம். மாதம் இருமுறை மதுரைக்கு மருத்துவரிடம் சென்றுவர வேண்டும். அதே தொகையிலிருந்துதான் இளைய மகளின் கல்லூரிக் கட்டணமும் வர வேண்டியிருந்தது.

பையன் காட்டிய வண்டி ஹூண்டாய் கிரெட்டா. திருப்பெரும்புதூரை அடுத்த இருங்காட்டுக்கோட்டையில் உருவாகும் வண்டி. 1998இல் சான்ட்ரோ வெளிவந்ததே, அதே நிறுவனம். கிரெட்டா 2015இல் அறிமுகமானது. ‘கிராஸ்ஓவர்’ என்று இன்று சொல்கிறார்களே, அந்த இனத்தைச் சேர்ந்தது. பார்வைக்கு ஜீப்பைப் போல் உயர்ந்து நிற்கும். அடியில் அது காரேதான். முன் சக்கரங்கள் மட்டுமே இழுக்கும். இதை முதலில் சொல்லிவிடுவது நல்லது. ஏனெனில் நம் மலையில் பலர் அதன் உயரத்தைக் கண்டு, தோட்டத்துச் சேற்றுப் பாதையிலும் அது ஜீப்பைப் போல் ஏறிவிடும் என்று நம்புகிறார்கள்.

2024 ஜனவரியில் அவ்வண்டி புதுப்பிக்கப்பட்டது. அதே ஆண்டு மார்ச் 11 அன்று அதன் அலங்கார வகையாகிய ‘என் லைன்’ வந்தது. ‘என்’ என்னும் எழுத்து இரண்டு ஊர்ப்பெயர்களைக் குறிக்கிறது. ஒன்று, தென்கொரியாவில் அந்நிறுவனத்தின் ஆய்வுக்கூடம் இருக்கும் நம்யாங். மற்றது, ஜெர்மனியிலுள்ள நூர்பர்க்ரிங் என்னும் பந்தயச் சாலை. வேகத்துக்கென்றே செய்யப்பட்ட உண்மையான ‘என்’ கார்கள் வெளிநாடுகளில் உண்டு. ‘என் லைன்’ என்பது அவற்றின் சாயல். நிக்காஹ் மேடையில் மாப்பிள்ளையைப் போலவே ஷெர்வானி அணிந்து உட்கார்ந்திருக்கும் தோழனைப் பார்த்திருப்பீர்கள் அல்லவா? அதைப் போன்றது என்று வைத்துக் கொள்ளுங்கள்.

கையேட்டைப் புரட்டினேன். முன்னும் பின்னும் பக்கவாட்டிலும் சிவப்புக் கோடு. பின்னால் இரட்டைப் புகைக்குழல். 18 அங்குலச் சக்கரங்கள். கறுப்பு உள்ளறையில் சிவப்புத் தையல், இருக்கையில் ‘என்’ முத்திரை, உலோக மிதிகள். முன்சக்கரத்தின் பிரேக் பிடிப்பானுக்கும் சிவப்பு வர்ணம்! பையன் அதைச் சுட்டிக்காட்டி, “பிரேக்கே வேற மாமு” என்றான். வேறு அன்று. சாதாரண கிரெட்டாவிலும் நான்கு சக்கரங்களுக்கும் டிஸ்க் பிரேக்தான். வண்டியை நிறுத்துவதில் வர்ணத்துக்கு ஒரு பங்கும் இல்லை.

அழகு கூடாது என்று நான் சொல்ல வரவில்லை. பெருநாளுக்குப் புத்தாடை உடுத்தும் சமுதாயம் நாம். ஆடைக்கு என்ன விலை என்று தெரிந்துகொண்டு வாங்குவோம் என்பதே என் கட்சி. இங்கேதான் ஒரு சூட்சுமம் இருக்கிறது. அதைக் கண்டுபிடிக்க எனக்கு இரண்டு இரவுகள் ஆயின.

விற்பனை நிலையத்தில் என் லைனை எந்த வண்டியோடு ஒப்பிட்டுக் காட்டுகிறார்கள் என்பதைக் கவனியுங்கள். அவ்வகையில் 1.5 லிட்டர் டர்போ பெட்ரோல் இயந்திரம் ஒன்றே உண்டு. 160 குதிரைத்திறன். அறிமுகமானபோது அதன் தொடக்க வகையாகிய என்-8, கையால் கியர் மாற்றுவது, ஷோரூம் விலை 16 இலட்சத்து 82 ஆயிரம் ரூபாய். சாதாரண கிரெட்டாவில், டர்போ இல்லாத 115 குதிரைத்திறன் பெட்ரோல் இயந்திரத்தோடு நடுத்தர வகை ஒன்று ஏறத்தாழ 14 இலட்சத்து 30 ஆயிரத்துக்குக் கிடைத்தது. இரண்டுக்கும் இடையே இரண்டரை இலட்சம். “சிவப்புக் கோட்டுக்கு இரண்டரை இலட்சமா?” என்று மச்சான் அதிர்ந்தார். அது நியாயமான அதிர்ச்சி அன்று. அந்தத் தொகையின் பெரும்பகுதி இயந்திரத்துக்குரியது.

ஆடையின் விலை மட்டும் தெரிய வேண்டுமானால், ஒரே இயந்திரமும் ஒரே கியரும் உள்ள இரண்டு வண்டிகளை அருகருகே நிறுத்த வேண்டும். சாதாரண கிரெட்டாவின் உச்ச வகையில் அதே டர்போ இயந்திரம் தானியங்கிக் கியரோடு வந்தது. விலை ஏறத்தாழ 20 இலட்சம். என் லைனின் உச்ச வகையாகிய என்-10, அதே தானியங்கிக் கியரோடு, 20 இலட்சத்து 30 ஆயிரம். ஆக, முழு அலங்காரத்தின் விலை ஏறத்தாழ 30 ஆயிரம் ரூபாய்தான். அந்தப் படியில் நிற்பவருக்கு அது பெரிய தொகை அன்று. பிடித்திருந்தால் வாங்கிக் கொள்ளட்டும்.

நம் போன்றோர் நிற்கும் கீழ்ப்படியிலோ கதை வேறு. டர்போ பெட்ரோல் இயந்திரமும் வேண்டும், கையால் மாற்றும் கியரும் வேண்டும் என்றால் அப்போது சாதாரண கிரெட்டாவில் வழியில்லை. என் லைனின் வாயில் வழியாகத்தான் நுழைய வேண்டும். அங்கே ஆடையைத் தனியாகவும் இயந்திரத்தைத் தனியாகவும் விலைபேச முடியாது. ஆகவே கேள்வியை மாற்றிக் கேட்டேன்: அந்த இயந்திரம் இந்த மலைக்குத் தேவையா?

கொடைக்கானல் நகரம் ஏறத்தாழ 2,100 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. அந்த உயரத்தில் காற்று அடர்த்தியில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு குறைவு. எரிபொருள் எரியக் காற்று வேண்டும். தானாகக் காற்றை இழுக்கும் சாதாரண பெட்ரோல் இயந்திரம் அங்கே மூச்சுத் திணறும். 115 குதிரைத்திறன் என்று அச்சிட்டிருப்பது மேலே போனால் 90ஐ ஒட்டி வந்துவிடும். டர்போ என்பது காற்றை அமுக்கி உள்ளே தள்ளும் சிறு சுழலி. மெலிந்த காற்றை அது பெரும்பாலும் ஈடுகட்டிவிடும். ஐந்து பேரும் மூட்டைகளுமாக வத்தலக்குண்டிலிருந்து ஏறியவர்களுக்கு இந்த வேறுபாட்டை நான் விளக்க வேண்டியதில்லை.

பையனின் முகம் மலர்ந்தது. மாமு தன் பக்கம் வந்துவிட்டார் என்று எண்ணினான் போலும்! ஆனால் வத்தலக்குண்டில் நெடுங்காலம் ஜீப்புகளைப் பழுதுபார்த்த மெக்கானிக் ஒருவர் எனக்கு நண்பர். அவர் கேட்டார்: “டீசலும் டர்போதானே ஹஜ்ரத்? அதை ஏன் கணக்குல சேர்க்கலை?”

உண்மைதான். கிரெட்டாவின் டீசல் இயந்திரம் 116 குதிரைத்திறன். ஆனால் மேட்டில் வண்டியை இழுப்பது முறுக்குவிசை. அது டீசலில் 250 நியூட்டன் மீட்டர். என் லைன் டர்போ பெட்ரோலில் 253. இரண்டும் 1,500 சுற்றிலேயே முழு விசையைக் கொடுக்கத் தொடங்கிவிடும். பெட்ரோலின் கூடுதல் 44 குதிரைகள் சக்கரத்தை வேகமாகச் சுழற்றும்போதுதான் வெளிப்படும். கொண்டை ஊசி வளைவுகளுக்கு இடையே அவை ஓட இடம் எங்கே இருக்கிறது? கையால் கியர் மாற்றும் நடுத்தர டீசல் வகையின் விலை அப்போது ஏறத்தாழ 15 இலட்சத்து 80 ஆயிரம். என்-8ஐ விட ஓர் இலட்சம் குறைவு. நிறுவனம் சொன்ன மைலேஜ் டீசலுக்கு லிட்டருக்கு 21.8 கிலோமீட்டர், என் லைனுக்கு 18. மலையில் இரண்டும் குறையும் என்பது வேறு விஷயம்.

டீசலுக்கும் ஒரு குறை உண்டு. இன்றைய டீசல் வண்டிகளில் புகைக்கரியைப் பிடிக்கும் வடிகட்டி இருக்கிறது. கடைத்தெருவுக்கும் பள்ளிவாசலுக்கும் மட்டுமே வண்டி எடுப்பவருக்கு அது அடைத்துக்கொள்ளும். அவ்வப்போது நெடுஞ்சாலையில் நீண்ட நேரம் ஓட்டினால்தான் கரி எரிந்து சுத்தமாகும். நகருக்குள்ளேயே சுற்றுபவர் பெட்ரோலே வாங்கட்டும். மச்சான் வீட்டில் மதுரைப் பயணம் மாதம் இருமுறை உண்டே!

அடுத்து சக்கரம். இதை யாரும் பேசுவதில்லை. என் லைனின் டயர் 18 அங்குலம். சாதாரண கிரெட்டாவின் உயர் வகைகளில் 17. டயர்மேல் எழுதியிருக்கும் எண்களைக் கொண்டு கணக்கிட்டேன். 18 அங்குல டயரின் பக்கச்சுவர் உயரம் 118 மில்லிமீட்டர். 17 அங்குலத்தில் 129. ஒரு சென்டிமீட்டருக்குச் சற்று அதிகமான காற்று மெத்தை குறைகிறது. மழைக்காலம் முடிந்து குழிவிழுந்த மலைச்சாலையில் அந்த ஒரு சென்டிமீட்டரை உணர்வது டயர் மட்டும் அன்று, பின்னிருக்கையில் இருப்பவரின் முதுகும்தான். என் லைனின் ஸ்டியரிங்கையும் ஸ்பிரிங்குகளையும் சற்று இறுக்கமாகவே அமைத்திருக்கிறார்கள். இளைஞருக்கு அது இன்பம்.

இரண்டு வண்டிகளையும் மலையில் ஓட்டிப் பார்க்காமல் முடிவு சொல்லமாட்டேன் என்றேன். விற்பனையாளர் தயங்கினார். ஊருக்குள் இரண்டு கிலோமீட்டர் சுற்றிக் காட்டுவதே அவர்கள் வழக்கம். வற்புறுத்தியதன் பேரில் அனுப்பினார். ஒவ்வொரு வண்டியிலும் அந்த அம்மையாரைப் பின்னிருக்கையில் அமர்த்தி, வத்தலக்குண்டிலிருந்து டம்டம் பாறை வரை ஏறி இறங்கினோம். அந்தச் சாலை போடுவதற்கு முன் மலையேறியவர்கள் மட்டக்குதிரையிலும், ஆட்கள் சுமந்த டோலியிலும் சென்றார்கள் என்பது வரலாறு படித்தவனுக்கு நினைவு வராமல் இருக்குமா? டோலியில் போனவரிடம் யாரேனும் ‘ஸ்போர்ட்டி’ வேண்டுமா என்று கேட்டிருப்பார்களோ!

என் லைனை ஓட்டியபோது பையனின் கண்கள் ஒளிர்ந்தன. அதை நான் மறைக்கப் போவதில்லை. முன்னால் சென்ற பேருந்தை அது கடந்த இலகுவும் மறுக்க முடியாதது. இறங்கியபின் அம்மையாரிடம் கேட்டேன். “ரெண்டாவது வண்டிதான் அத்தனை குலுக்கலை. சிவப்பா ஏதோ இருந்துச்சே, அது உள்ளே உக்காந்தா எங்கே தெரியுது?” என்றார். இரண்டாவது வண்டி டீசல்.

விற்பனையாளர் விடவில்லை. “ஒரு இலட்சம்தானே சார், தவணையில் போட்டால் மாதம் இரண்டாயிரம்தான் வரும்” என்றார். கணக்கு சரிதான். நூற்றுக்கு ஒன்பது வட்டியில் ஐந்து ஆண்டுகள் கட்டினால் மாதம் ஏறத்தாழ 2,076 ரூபாய். மொத்தம் கட்டுவது 1 இலட்சத்து 24 ஆயிரத்துக்கும் மேல். தவணையாகச் சொல்லும்போது அந்த இலட்சம் கண்ணுக்கு மறைந்துவிடுகிறது. வட்டியைத் தொடாத மச்சானுக்கோ அது மறையவில்லை. மகளின் கட்டணமாக அவர் கண்முன்னே நின்றது.

வேறொரு சபலமும் இடையில் வந்தது. சாதாரண வண்டியை வாங்கி, வெளிக்கடையில் கோடும் முத்திரையும் பெரிய சக்கரமும் சத்தமிடும் புகைக்குழலும் மாட்டிக் கொள்ளலாம் என்று பையனின் நண்பர்கள் யோசனை கூறினார்கள். ஒட்டுக்கோடு ஒட்டுவதில் தவறில்லை. ஆனால் மோட்டார் வாகனச் சட்டத்தின் 52ஆம் பிரிவு, தயாரிப்பாளர் குறிப்பிட்ட அமைப்புக்கு மாறாக வண்டியை மாற்றுவதைத் தடுக்கிறது. 2019 ஜனவரியில் உச்ச நீதிமன்றமும் கேரள வழக்கொன்றில் இதை உறுதிப்படுத்தியது. அப்படி மாற்றிய வண்டி விபத்துக்குள்ளானால் காப்பீட்டு நிறுவனத்தோடு வழக்காட நேரிடும். என் லைனின் சக்கரமும் குழலும் ஆலையிலேயே அங்கீகாரம் பெற்று வருபவை. அலங்காரம் வேண்டுமென்று உறுதியாக இருப்பவர் ஆலையில் செய்ததையே வாங்குவது மேல்.

இங்கே குறித்த விலைகள் 2024ஆம் ஆண்டினுடையவை. 2025 செப்டம்பர் 22 முதல் இவ்வளவு பெரிய வண்டிகளுக்கு 40 சதவீத ஜி.எஸ்.டி. என்றாகி, கூடுதல் தீர்வை நீங்கியதால் விலைகள் இறங்கின. நீங்கள் செல்லும் நாளில் முழு விலைப்பட்டியலையும் கேட்டு வாங்குங்கள். விற்பனையாளர் திறந்து வைத்த ஒரு பக்கத்தை மட்டும் பார்க்க வேண்டாம்.

மச்சான் வெள்ளை நிற டீசலுக்கு முன்பணம் கட்டினார். பையன் ஒரு வாரம் என்னிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை. ஹஜ்ஜுப் பெருநாளுக்கு முந்தைய வாரம் வண்டி வீட்டுக்கு வந்தது. என்னை ஏற்றிக்கொண்டு பண்ணைக்காட்டுக்கு அவனே ஓட்டினான். சாவிக்கொத்தில் பளிச்சென்று ஒரு சிவப்புத் தோல் உறை தொங்கியது. விலை என்ன என்று கேட்டேன். “350 ரூபாய், மாமு” என்றான், சாலையிலிருந்து கண்ணை எடுக்காமல்.