வரலாற்றை அன்பால் திருத்தலாமா?

கணினி உள்ள அநேகமான வீடுகளில் இந்த வாக்குவாதம் நடந்திருக்கும். மகன் 'அஸாஸின்ஸ் கிரீட்' விளையாடிக்கொண்டிருப்பான். உம்மா அறைக்குள் எட்டிப் பார்க்கும் நேரம் பார்த்து, முகத்தை மூடிய ஒருவன் கூரையிலிருந்து பாய்ந்து இன்னொருவனைக் கத்தியால் குத்துவான். "இதுதான் உன்ட படிப்பா?" என்று கேட்டால், "இது ஹிஸ்ட்ரி உம்மா" என்று பதில் வரும். எங்கள் வீட்டில் நானா இந்தப் பதிலைத்தான் மூன்று வருடங்களாகச் சொல்லி வருகிறார்.

உயர்தரத்தில் வரலாறும் இஸ்லாமிய நாகரிகமும் படிக்கும் எனக்கும் இந்த வழக்கில் ஒரு கருத்து இருக்கிறது. உம்மா பயப்படும் இடத்தில் எனக்கு அவ்வளவு பயமில்லை. நானா கண்ணை மூடிக்கொண்டு நம்பும் இடத்தில்தான் பயம்.

இந்த விளையாட்டைக் கேள்விப்படாத பெற்றோருக்காகச் சுருக்கமாகச் சொல்கிறேன். பிரான்ஸைச் சேர்ந்த யூபிசொஃப்ட் நிறுவனம் 2007இல் இதன் முதலாவது பாகத்தை வெளியிட்டது. இரகசியக் கொலையாளிகளின் சங்கம் ஒன்றுக்கும் டெம்ப்ளர்கள் என்ற கூட்டத்துக்கும் நூற்றாண்டுகளாக நடக்கும் சண்டைதான் கதை. கதை என்று பார்த்தால் அதில் பெரிதாக ஒன்றுமில்லை. ஆனால் ஒவ்வொரு பாகமும் வேறொரு காலத்தில், வேறொரு ஊரில் நடக்கிறது. மறுமலர்ச்சிக் கால புளோரன்ஸ், உஸ்மானியர் கால இஸ்தான்புல், புரட்சிக் கால பாரிஸ், 1868இன் லண்டன், கிளியோபாட்ராவின் எகிப்து, கி.மு. 431இன் கிரேக்கம் என்று போய் இப்போது 16ஆம் நூற்றாண்டு ஜப்பானில் வந்து நிற்கிறது. நாங்கள் பாடப்புத்தகத்தில் ஒரு பந்தியில் கடந்துபோகும் நகரத்தின் தெருக்களில் இதில் மணிக்கணக்காக நடக்கலாம். அதை நான் குறைத்துச் சொல்ல மாட்டேன்.

முதலாவது பாகம் 1191ஆம் ஆண்டில், மூன்றாம் சிலுவை யுத்தத்தின்போது நடக்கிறது. திமிஷ்க், அக்கா, பைத்துல் முகத்திஸ் ஆகிய மூன்றும் அதன் நகரங்கள். ஸலாஹுத்தீன் ஐயூபி பைத்துல் முகத்திஸை மீட்டது 1187இல் என்று மனனம் செய்திருக்கும் எங்களுக்கு, நான்கு வருடம் கழித்து அந்தத் தெருவில் நிற்பது சிறிய விடயமில்லை. கதாநாயகனின் பெயர் அல்தாயிர். அரபுப் பெயருள்ள ஒருவன் மேற்கத்தேய விளையாட்டொன்றில் வில்லனாக அல்லாமல் நாயகனாக வந்ததைக் கண்டு 2007இல் எத்தனை பேர் ஆச்சரியப்பட்டிருப்பார்கள்!

ஆனால் யார் இந்த அல்தாயிரின் கூட்டத்தார்? சிரியாவின் மஸ்யாஃப் கோட்டையில் இருந்தவர்கள் நிஸாரி இஸ்மாயிலிகள். இன்று ஆகா கானைத் தலைவராக ஏற்று வாழும் சமூகத்தின் முன்னோர். அவர்களது தலைவர் ரஷீதுத்தீன் ஸினான் உண்மையான மனிதர். அவர்கள் ஸலாஹுத்தீனையே இரண்டு தடவை கொல்ல முயன்றதும், அவர் 1176இல் மஸ்யாஃபை முற்றுகையிட்டதும் வரலாறு. அவர்கள் ஹஷீஷ் போதையில் கொலை செய்தார்கள் என்ற கதையை எதிரிகள் பரப்பினார்கள், பிற்காலத்தில் மார்க்கோ போலோவின் நூல் அதை ஐரோப்பாவெங்கும் கொண்டுபோனது. நல்ல காலம், விளையாட்டு அந்த ஹஷீஷ் கதையின் பின்னால் போகவில்லை. போகாமல் வேறொன்று செய்தது. அவர்களது ஈமானை எடுத்துவிட்டது. எதற்காக உயிரைக் கொடுத்தார்களோ அந்த நம்பிக்கையைக் கழற்றிவிட்டு, எதையும் நம்பாத தத்துவவாதிகளாக மாற்றிவிட்டது. இந்த யோசனை பழைய நூல் எதிலிருந்தும் வரவில்லை. 1938இல் ஸ்லோவேனிய எழுத்தாளர் விளாடிமிர் பார்த்தோல் எழுதிய 'அலமூத்' என்ற நாவலிலிருந்து வந்தது. அவர்களின் கொள்கையை நாம் ஏற்கிறோமா இல்லையா என்பது வேறு கதை. ஒரு கூட்டத்தாரின் உடையையும் கோட்டையையும் எடுத்துக்கொண்டு நம்பிக்கையை மட்டும் வெளியே எறிவது நியாயமா என்பதே என் கேள்வி.

2014இல் வந்த 'யுனிட்டி' பாரிஸில் நடக்கிறது. அதிலுள்ள நோட்ரடாம் தேவாலயத்தை உருவாக்க ஒரு கலைஞர் ஏறத்தாழ இரண்டு வருடங்கள் வேலை செய்தாராம். 2019 ஏப்ரல் 15இல் உண்மையான தேவாலயம் எரிந்தபோது யூபிசொஃப்ட் 5 இலட்சம் யூரோ நன்கொடை கொடுத்ததுடன் அந்த விளையாட்டை ஒரு வாரத்துக்கு இலவசமாகவும் வழங்கியது. விளையாட்டிலுள்ள மாதிரியைப் பார்த்துத்தான் கட்டடத்தைத் திருத்தப் போகிறார்கள் என்று அப்போது பலரும் நம்பினார்கள். நானாவும் நம்பினார், இன்னும் கூட்டாளிமாரிடம் சொல்லிக்கொண்டு திரிகிறார். அது சரியில்லை. விளையாட்டின் பாரிஸில் தேவாலயத்தின் மேல் நிற்கும் கூரிய கோபுரம் புரட்சிக் காலத்தில் இருந்ததே இல்லை. பழைய கோபுரம் 18ஆம் நூற்றாண்டின் கடைசியில் கழற்றப்பட்டுவிட்டது. எல்லோருக்கும் தெரிந்த கோபுரம் 1859இல் கட்டி முடிக்கப்பட்டது. அது இல்லாவிட்டால் பார்ப்பவர்களுக்கு நோட்ரடாமை அடையாளம் தெரியாது, அதனால் வைத்துவிட்டார்கள். நாம் எதைப் பார்க்க எதிர்பார்க்கிறோமோ அதைத்தான் காட்டுகிறார்கள்.

கோபுரத்தில் எனக்குக் கோபமில்லை. பக்தாதுக்கு வருகிறேன்.

2023இல் வந்த 'மிராஜ்' 9ஆம் நூற்றாண்டு பக்தாதில் நடக்கிறது. முழுக்க அரபு மொழியிலேயே பேசவிட்டும் விளையாடலாம். கலீபா மன்சூர் 762இல் அத்திவாரமிட்ட வட்ட நகரத்துக்குள் நான் முதலில் நுழைந்தபோது (நானா தொழப் போயிருந்தார்) கொஞ்ச நேரம் ஒன்றுமே செய்யாமல் நின்றேன். கூபா, பஸரா, குராஸான், ஷாம் என்று நான்கு வாசல்களின் பெயரையும் நான் கொப்பியில் எழுதி வைத்திருக்கிறேன். அந்த நகரத்தின் ஒரு கல்கூட இன்று மண்ணுக்கு மேலே இல்லை. அல் யஃகூபி போன்றவர்கள் எழுதி வைத்த வர்ணனைகள்தான் மிச்சம். அந்த எழுத்தை வைத்துக்கொண்டு இவர்கள் ஒரு நகரத்தையே எழுப்பியிருக்கிறார்கள். ஸாமர்ராவின் சுருள் மினாரா இன்றும் நிற்கிறது, போய்ப் பார்க்கலாம். வட்ட நகரத்தை இப்படித்தான் பார்க்க முடியும்.

பைத்துல் ஹிக்மாவும் இருக்கிறது. பனூ மூஸா சகோதரர்கள் வருகிறார்கள். "பாருங்கள், எங்கட பொற்காலம்!" என்று சொல்ல எல்லோருக்கும் வாய் வரும். ஆனால் அதே விளையாட்டில் அலி இப்னு முஹம்மத் என்றொருவரும் வருகிறார். தென் ஈராக்கின் உவர் நிலங்களில் வேலை வாங்கப்பட்ட கிழக்கு ஆபிரிக்க அடிமைகளைத் திரட்டி 869இல் கிளர்ச்சி செய்தவர் அவர். ஸன்ஜ் கிளர்ச்சி என்பார்கள். அதை அடக்க அப்பாஸியருக்கு 883 வரை, 14 வருடங்கள் எடுத்தது. என் கொப்பியில் பைத்துல் ஹிக்மாவுக்கு நான்கு பக்கம் இருந்தது, இவர்களுக்கு ஒரு வரியும் இருக்கவில்லை. விளையாட்டில் பார்த்த பிறகுதான் தேடி வாசித்து எழுதிச் சேர்த்தேன். நூல்கள் மொழிபெயர்க்கப்பட்ட அதே நாட்டில், அதே நூற்றாண்டில் அந்த அடிமைகளும் இருந்தார்கள். ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டு பெருமைப்படுவது எனக்குச் சரியாகப் படவில்லை. இதை ஒரு விளையாட்டு எங்களுக்கு நினைவூட்ட வேண்டியிருக்கிறது என்பது வெட்கம்தான்.

அதற்காக மிராஜ் சொல்வதெல்லாம் உண்மை என்று எடுத்துவிடவும் கூடாது. கலீபா முதவக்கில் 861இல் தன் துருக்கிய மெய்க்காவலர்களால் கொல்லப்பட்டார். விளையாட்டில் அந்த மரணத்துக்குக் காரணம் அரண்மனைக்குள் திருடப் புகுந்த கதாநாயகன். கலீபா முஃதஸ்ஸின் தாய் கபீஹா அதில் வில்லர்களின் தலைவியாகிவிட்டார். படைக்குச் சம்பளம் கொடுக்கப் பணமில்லை என்று மகன் கேட்டபோது கொடுக்காமல் விட்ட தாய் என்று வரலாற்றாசிரியர்கள் ஏற்கனவே அவரைத் திட்டியிருக்கிறார்கள். அது போதாது என்று இது வேறு.

இப்போது ஜப்பான். 2025இல் வந்த 'ஷாடோஸ்' பாகத்தின் இரண்டு நாயகர்களில் ஒருவர் யசுகே என்ற ஆபிரிக்கர். ஜப்பானிய விளையாட்டில் கறுப்பு இனத்தவருக்கு என்ன வேலை என்று உலகம் முழுக்கப் பெரிய கூச்சல். யசுகே இருந்தவர்தான். 1579இல் இயேசு சபைப் பாதிரியார் வலிஞானோவுடன் ஜப்பானுக்கு வந்தார், 1581இல் ஒடா நொபுனாகாவின் சேவையில் சேர்ந்தார், வாளும் வீடும் பெற்றார். அவரைச் சாமுராய் என்று அழைக்கலாமா என்பதில் அறிஞர்களுக்கிடையில் கருத்து வேறுபாடு உண்டு. அவர் அங்கே இருந்தார் என்பதில் இல்லை. பாரிஸில் இல்லாத கோபுரத்தை வைத்தபோது இந்தக் கூட்டம் எங்கே போயிருந்தது? வரலாறு பிழைத்துவிட்டது என்று கத்துபவர்கள் எல்லோரும் வரலாற்றுக்காகக் கத்துவதில்லை.

இவ்வளவு சொன்னாலும், என்னை உண்மையில் தூங்கவிடாத இடம் வேறு. 2017இல் வந்த 'ஒரிஜின்ஸ்' பண்டைய எகிப்தில் நடக்கிறது. அடுத்த வருடம் அதே எகிப்தை, சண்டையையெல்லாம் எடுத்துவிட்டு, 75 சுற்றுலாக்களாகப் பிரித்து 'டிஸ்கவரி டூர்' என்று வெளியிட்டார்கள். மம்மி செய்வது, பாண் சுடுவது, அலெக்ஸாந்திரியாவின் நூலகம் எல்லாவற்றுக்கும் விளக்கம் உண்டு. பள்ளிக்கூடத்துக்கென்றே செய்தது. (ஆடையில்லாத கிரேக்கச் சிலைகளைச் சிப்பி வைத்து மறைத்தும் இருக்கிறார்கள். பெற்றோர் நிம்மதியடையலாம்.) அதில் ஒரு வகுப்பறை வருகிறது. ஆண்பிள்ளைகளும் பெண்பிள்ளைகளும் ஒன்றாக இருந்து பாடம் கேட்கிறார்கள்.

அக்காலத்தில் முறையாகப் பள்ளியில் படித்தவர்கள் பெரும்பாலும் ஆண்பிள்ளைகளே. தயாரித்தவர்களுக்கு இது தெரியாமல் இல்லை. அங்கேயே ஒரு குறிப்பில் அதைச் சொல்லி, பழைய காலத்துப் பாகுபாட்டை விளையாட்டுக்குள் கொண்டுவருவது அவசியமில்லை என்று தாங்கள் நினைத்ததாக எழுதியிருக்கிறார்கள். என் வகுப்புத் தோழிகளில் பாதிப்பேர் இதைக் கேட்டு, "நல்லதுதானே, சின்னப் பிள்ளைகள் பார்த்தால் சந்தோஷப்படுவார்கள்" என்றார்கள். நல்ல மனதோடுதான் செய்திருக்கிறார்கள், அதை நானும் ஏற்கிறேன். செய்தது சரி என்று என்னால் ஏற்க முடியவில்லை.

என் உம்மும்மா ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்திலிருந்து நிற்பாட்டப்பட்டவர். 1957ஆம் ஆண்டு. ஊரில் பள்ளிக்கூடம் இருந்தது, வீட்டிலிருந்து நடந்தால் பத்து நிமிடம். பெரியபிள்ளையானதும் வீட்டோடு இருக்கச் சொன்னார்கள், அவ்வளவுதான். அவரது நானாமார் இரண்டு பேரும் தொடர்ந்து படித்தார்கள், ஒருவர் ஆசிரியரானார். பின்னேரங்களில் அவர்கள் அன்றைய பாடத்தைச் சத்தமாக வாசிக்கும்போது குசினியிலிருந்து கேட்டுப் பாடமாக்கியதாக உம்மும்மா சொல்வார். இன்றைக்கும் 12ஆம் வாய்ப்பாடு வரைக்கும் தடங்காமல் சொல்வார். கையெழுத்து வைக்கத்தான் நேரமெடுக்கும்.

நாளைக்கு யாராவது 1957இன் எங்கள் ஊரை விளையாட்டாகச் செய்து, நல்லெண்ணத்தோடு வகுப்பறையில் பெண்பிள்ளைகளை நிரப்பினால் என்ன ஆகும்? பார்க்கும் பிள்ளை சந்தோஷப்படும். குசினிக்குள் இருந்தவரை யாரும் தேட மாட்டார்கள், எல்லோரும் வகுப்பில்தானே இருக்கிறார்கள். கதவை மூடியவர்களிடம் ஏன் மூடினீர்கள் என்று கேட்கவும் இடமிருக்காது, மூடிய கதவையே காணோம். மஸ்யாஃப்காரர்களின் நம்பிக்கையை எடுத்ததும் இதுவும் எனக்கு ஒன்றாகவே தெரிகிறது, அது அலட்சியத்தால் நடந்தது, இது அன்பால் நடந்தது என்ற வித்தியாசம் மட்டும் உண்டு. அலெக்ஸாந்திரியாவின் வகுப்பறையை ஆண்பிள்ளைகளோடு மட்டும் காட்டியிருக்கலாம். வெளியே ஒரு பெண்பிள்ளை தண்ணீர்க் குடத்தோடு போய்க்கொண்டிருந்தால் போதும், பார்ப்பவர் விளங்கிக்கொள்வார்.

அந்தக் குறிப்பை எழுதி வைத்தார்களே, அதற்காக அவர்களை மதிக்கிறேன். மாற்றியதை மாற்றினோம் என்று சொல்லும் பழக்கம் பாடப்புத்தகங்களிலேயே குறைவு.

பெற்றோர் கேட்கும் கேள்விக்கும் பதில் சொல்ல வேண்டும். கொலைக் காட்சிகள் நிறைந்த முதன்மையான பாகங்களுக்கு அமெரிக்காவில் 17 வயதுக்கு மேல் என்ற தரம்தான் கொடுத்திருக்கிறார்கள். ஆகவே எட்டாம் வகுப்பில் இருக்கும் என் தம்பி கேட்டால் கொடுக்க வேண்டாம் என்று உம்மாவிடம் நானே சொல்லியிருக்கிறேன். அவன் இப்போது என்னோடு பேசுவதில்லை. டிஸ்கவரி டூர் அப்படியில்லை, அதைத் தனியாகவே வாங்கலாம், ஒருவரையும் குத்த வேண்டியதில்லை. ஒரு சனிக்கிழமை பின்னேரம் மகனை மட்டுமல்ல, மகளையும் அந்தக் கதிரையில் இருத்திவிட்டுப் பக்கத்தில் உட்காருங்கள். நைல் நதியில் படகோட்டுங்கள், பிரமிட்டுக்குள் போங்கள். வகுப்பறை வந்ததும் கொஞ்சம் நிறுத்தி, அங்கே இருக்கும் குறிப்பைச் சத்தமாக வாசித்துவிட்டு, வீட்டில் மூத்தவர்கள் யாராவது இருந்தால் எந்த வகுப்போடு நின்றீர்கள் என்று கேளுங்கள்.