வீடு யாருக்கு? கடன் யாருக்கு?

எட்டியாந்தோட்டைப் பகுதியில் ஒரு தோட்டக் கூட்டம் முடிந்து மக்கள் கலைந்துகொண்டிருந்தனர். முதியவர் ஒருவர் அருகில் வந்து, மடியிலிருந்த பையொன்றை அவிழ்த்தார். உள்ளே பல ஆண்டுகளின் சம்பளச் சிட்டைகள். ஒவ்வொன்றிலும் வீட்டுக் கடனுக்கென்று பிடிக்கப்பட்ட தொகை. “ஐயா, கடனெல்லாம் கட்டி முடிச்சிட்டேன். உறுதி எப்பக் கெடைக்கும்?” என்று கேட்டார்.

அந்தச் சிட்டைகளை ஒவ்வொன்றாகப் புரட்டினேன். நில அளவைப் படத்தின் இலக்கம் இல்லை. காணித்துண்டின் இலக்கம் இல்லை. நொத்தாரிசின் கையொப்பம் இல்லை. பணம் கொடுத்தார் என்பதற்கு அவரிடம் பை நிறையச் சான்றுகள் இருந்தன. வீடு அவருடையது என்பதற்கு ஒரு சான்றேனும் இல்லை. சட்டம் படித்தவன் என்ற முறையில் நான் அவருக்குக் கூறத்தக்க மறுமொழி கசப்பானது. அக்கசப்பை அவர் ஒருவர் மட்டும் விழுங்கலாகாது என்பதற்காகவே இதனை எழுதுகின்றேன்.

வீட்டைக் கட்டிப் பார் என்றனர் நம் முன்னோர். இன்று வீடு கட்டப் புறப்படுகின்றவன் பெரும்பாலும் கடன் பட்டே புறப்படுகின்றான். அவன் கேட்கின்ற கேள்வி ஒன்றே ஒன்று: “மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்?” தோட்டத் தொழிலாளி மட்டுமல்லர், இரத்தினபுரியிலும் பலாங்கொடையிலும் காணி வாங்க முனையும் ஆசிரியரும் எழுதுவினைஞரும் அதனையே கேட்கின்றனர். அவர்கள் கேட்க வேண்டியவை வேறு மூன்று. முடிவில் நான் கொடுக்கும் மொத்தத் தொகை யாது? எதனை ஈடாக வைக்கின்றேன்? கடன் தீர்ந்த நாளில் என் கைக்கு வருவது யாது? இம்மூன்றையும் கூட்டினால் வருவதே வீட்டின் மெய்யான விலை.

முதலாவது கேள்விக்குக் கணக்கே விடை கூறும். 10 இலட்சம் ரூபாயை, ஆண்டுக்கு நூற்றுக்கு 12 வீத வட்டிக்கு, குறைந்து செல்லும் மீதிமேல் வட்டி கணிக்கும் முறையில், 20 ஆண்டுக் கடனாகப் பெறுவதாக வைத்துக்கொள்வோம். மாதத் தவணை ஏறத்தாழ 11,011 ரூபாய். முதல் மாதத்துக்குரிய வட்டி மட்டும் 10,000 ரூபாய். ஆகவே அம்மாதம் முதலிற் குறைவது 1,011 ரூபாயே. 10 ஆண்டுகள் ஒரு தவணையும் தவறாது கட்டியவன் 13 இலட்சத்து 21 ஆயிரம் ரூபாய் கொடுத்திருப்பான். அன்றும் அவன் தலைமீது 7 இலட்சத்து 67 ஆயிரம் ரூபாய்க் கடன் நிற்கும். 20 ஆண்டு முடிவில் அவன் கொடுத்தது 26 இலட்சத்து 43 ஆயிரம். பத்து இலட்ச ரூபாய் வீட்டை அவன் இரண்டரை மடங்குக்கு மேலான விலைக்கு வாங்கியிருக்கின்றான்.

அதே கடனை 10 ஆண்டுகளில் தீர்ப்பதாயின் தவணை 14,347 ரூபாய். மொத்தம் 17 இலட்சத்து 22 ஆயிரம். மாதந்தோறும் 3,336 ரூபாய் கூடுதலாகக் கட்ட இயன்றவன் முடிவில் 9 இலட்சத்துக்கு மேல் மீதப்படுத்துகின்றான். “தவணை குறைவு, காலம் நீளம்” என்று ஆசை காட்டுவோர் இக்கணக்கை விரித்துக் காட்டுவதில்லை. மற்றொரு தந்திரமும் உண்டு. முதல் எவ்வளவு குறைந்தாலும், தொடக்கத்துத் தொகைமீதே இறுதிவரை வட்டி கணிப்பது அது. அம்முறையில் 10 ஆண்டுக்கு “12 வீதம்” என்று சொல்லப்படுவது, மீதிமேற் கணிக்கும் முறையில் 18 வீதத்தைத் தாண்டும். வீதத்தைக் கேட்பது போதாது. எதன்மீது அவ்வீதம் என்று கேட்டல் வேண்டும்.

வட்டி நிலையானதா, மாறுவதா என்பதும் முக்கியம். 2022 ஏப்பிரல் மாதத்தில் இலங்கை மத்திய வங்கி தன் கொள்கை வட்டி வீதங்களை ஒரே நாளில் 7 வீதப் புள்ளிகளால் உயர்த்தியதை நாம் மறந்துவிடலாகாது. மேலே கூறிய கடன், தொடக்கத்திலேயே 18 வீதமாக மாறினால் தவணை 15,433 ரூபாயாகும். பழைய 11,011 ரூபாயையே கட்டிக்கொண்டிருப்பவனுக்கு அது மாத வட்டிக்கே போதாது. கட்டக் கட்டக் கடன் வளரும். ஆழமறியாமற் காலை விடுதல் என்பது இதுவே.

இரண்டாவது கேள்வி ஈட்டைப் பற்றியது. தோட்டத் தொழிலாளிக்கு ஈடு வைக்க நிலமில்லை. அவனுக்கு உள்ளது ஊழியர் சேமலாப நிதி ஒன்றே. அவன் கூலியில் 8 வீதமும் தோட்டம் செலுத்தும் 12 வீதமும் சேர்ந்து, முதுமைக்கு ஊன்றுகோலாக வளர்வது அது. 1958ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கச் சட்டம் அந்நிதியை உண்டாக்கியது. 1988ஆம் ஆண்டுத் திருத்தம் அந்நிதியிலுள்ள மீதியை வீட்டுக் கடனுக்குப் பிணையாக வைக்க இடமளித்தது. 2012ஆம் ஆண்டின் 2ஆம் இலக்கத் திருத்தச் சட்டம், வீட்டுக்கோ மருத்துவத்துக்கோ, தகுதியுடையோர் மீதியில் 30 வீதம் வரை முன்கூட்டியே பெற வழி திறந்தது.

இவ்வழிகள் தீயவை என்று நான் கூறவில்லை. இவற்றுக்கும் விலை உண்டு என்பதையே கூறுகின்றேன். பெண்ணொருத்தி 50 வயதில் தன் நிதியைப் பெறும் உரிமையடைகின்றாள். 30 வயதில் அவள் ஓர் இலட்சம் ரூபாயை எடுத்துவிடுகின்றாள் என்க. ஆண்டுக்கு 9 வீத வட்டி சேர்வதாகக் கொண்டால், அந்த ஓர் இலட்சம் 50ஆம் வயதில் 5 இலட்சத்து 60 ஆயிரமாக நின்றிருக்கும். எந்தத் தவணைச் சிட்டையிலும் இத்தொகை எழுதப்படுவதில்லை. கொழுந்து பறிக்கவும் பால் வெட்டவும் கை ஓய்ந்துபோன நாளிலேதான் அவள் இதனை அறிவாள்.

மூன்றாவது கேள்வியே எல்லாவற்றினும் பெரிது. கடன் தீர்ந்தபின் கைக்கு வருவது யாது? 1972ஆம், 1975ஆம் ஆண்டுகளின் காணிச் சீர்திருத்தச் சட்டங்களால் பெருந்தோட்டங்கள் அரசின் கைக்கு வந்தன. 1992இல் அவற்றின் நிருவாகம் பிராந்தியப் பெருந்தோட்டக் கம்பனிகளுக்குச் சென்றது. குத்தகைக் காலம் 53 ஆண்டு, அதாவது 2045 வரை. நிலத்தின் உடைமை அரசிடமும் அதன் நிறுவனங்களிடமுமே நின்றது. தன்னிடம் இல்லாத உரிமையை எவனும் பிறனுக்கு வழங்க இயலாது என்பது சட்டத்தின் அரிச்சுவடி. குத்தகைக்காரனான கம்பனி, தொழிலாளிக்கு வீடு கட்ட இடங்காட்டலாம். அந்த இடத்துக்கு உடையவனாக அவனை ஆக்க அதனால் இயலாது.

அதே 1992இல் தோட்ட வீடமைப்புக்கென ஓர் அறக்கட்டளை அமைக்கப்பட்டது; 2002 முதல் அது பெருந்தோட்ட மனிதவள அபிவிருத்தி நிதியமாக இயங்குகின்றது. தோட்டத் தொழிலாளர் வீடமைப்புக் கூட்டுறவுச் சங்கங்கள் வழியே கடன் கொடுக்கப்பட்டு, தவணை சம்பளத்திற் பிடிக்கப்பட்டது. லயத்தின் ஓர் அறையில் மூன்று தலைமுறை முடங்கிக்கிடந்த மக்களுக்குத் தனி வீடு கிடைத்தது நன்மையே. ஆனால் உறுதி, கடனோடு கூட வரவில்லை. பின்னர் 7 பேர்ச்சஸ் நிலம் என்ற கொள்கை வந்தது. ஆங்காங்கே விழா எடுத்து உறுதிகள் வழங்கப்பட்டதும் உண்டு. எனினும், கடனைத் தீர்த்தும் உறுதியின்றி நிற்போரைச் சப்ரகமுவத் தோட்டங்களில் இன்றும் காண்கின்றோம். உறுதியில்லாத வீட்டை விற்க இயலாது. பிள்ளையின் படிப்புக்கு ஈடு வைக்க இயலாது. மரண சாசனத்தால் ஐயமின்றி விட்டுச்செல்லவும் இயலாது. அவ்வாறாயின், இத்தனை ஆண்டும் தொழிலாளி கட்டியது வீட்டின் விலையா, நீண்டதொரு வாடகையா?

கடன் என்ற சொல் இம்மக்களுக்குப் புதிதன்று. கடல் கடந்து வந்த நாளில் கங்காணி கொடுத்த முற்பணமே இவர்களின் முதல் விலங்கு. ஆட்களின் கடனை எழுதிய “துண்டு” என்னும் சீட்டைக் காட்டி, ஒரு தோட்டத்துக் கடனை மற்றொரு தோட்டம் ஏற்றுக்கொண்டாலன்றித் தொழிலாளி இடம் பெயர இயலாதிருந்தது. 1921இல் சட்டம் அத்துண்டு முறையை ஒழித்தது. நூறாண்டு கழிந்தபின்பு, கடனும் கூலியும் கூரையும் மீண்டும் ஒரே கையில் பிணைக்கப்படுமாயின், வேலையை விட நினைப்பவன் வீட்டை எண்ணி அஞ்சுவான்; உரிமை கேட்க நினைப்பவன் தவணையை எண்ணி வாய் மூடுவான். அது பெயர் மாறிய துண்டேயன்றி வேறென்ன?

சப்ரகமுவத் தமிழருக்கு உறுதியின் அருமை நூலிற் படித்து அறிய வேண்டியதன்று. 1981 ஆகஸ்டில் இரத்தினபுரி, காவத்தைப் பகுதிகளில் வன்செயல் மூண்டபோது லயங்களை விட்டு ஓடியோர், திரும்பி வந்து “இது என் வீடு” என்று காட்ட ஒரு தாளும் இன்றி நின்றனர். 2016 மே மாதத்தில் கேகாலை மாவட்டத்தின் அரநாயக்காவிலும் புளத்கொகுப்பிட்டியிலும் மலை சரிந்து மனிதரையும் மனைகளையும் மூடியது. மண் சரிந்தால் வீடு போகும். கடன் பத்திரம் சரிந்து போகாது. நிலத்தின் உறுதிப்பாட்டைத் தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனம் சோதித்துரைக்குமுன் அந்நிலத்தின்மேல் கடன் வாங்குவது, ஆற்றுமணலில் அத்திவாரம் இடுவதற்கு ஒப்பாகும்.

“கடன் இன்றி ஏழை எங்ஙனம் வீடு கட்டுவான்?” என்று கேட்போர் உளர். நியாயமான கேள்வியே. அரசும் இந்தியாவும் நன்கொடையாகக் கட்டும் வீடுகள் எல்லாருக்கும் எட்டும்வரை காத்திருக்கச் சொல்வது கொடுமை. தக்க வட்டிக்குப் பெற்று, தெளிந்த உரிமையுள்ள நிலத்தில் எழுப்பிய வீடு, ஒரு குடும்பத்தைத் தலைமுறைக்கும் உயர்த்தும். நாம் மறுப்பது கடனை அன்று. கண்ணைக் கட்டிக்கொண்டு வாங்கும் கடனையே மறுக்கின்றோம்.

ஆகவே நாம் கோருவன இவை. முதலில் உறுதி, பின்னர் கடன் என்ற முறை தோட்ட வீடமைப்பில் கட்டாயமாதல் வேண்டும். வட்டி வீதம், அஃது எதன்மீது கணிக்கப்படும், மாறக்கூடியதா, காப்புறுதி, நொத்தாரிசுச் செலவு, முடிவிற் கொடுக்கும் மொத்தத் தொகை ஆகியவை ஒரே தாளில், தமிழில், கையொப்பமிடுமுன் கொடுக்கப்படல் வேண்டும். ஆண்டுதோறும் மீதிக் கணக்கு எழுத்தில் வருதல் வேண்டும். முன்னரே கடனைத் தீர்த்தோரின் பட்டியல் தோட்டந்தோறும் வெளியிடப்பட்டு, அவர்களுக்குக் காலவரையறையோடு உறுதி வழங்கப்படல் வேண்டும்.

அரசு செய்யும்வரை நாம் வாளாவிருத்தல் ஆகாது. வாசிக்கத் தெரியாதவருக்கு உறுதியை அவர் அறிந்த மொழியில் வாசித்து விளக்குவது நொத்தாரிசின் சட்டக் கடமை. அதனைக் கேட்டுப் பெறுங்கள். கடன் தீர்ந்தால் பற்றுச்சீட்டோடு திரும்பிவிடாதீர்கள். ஈடு நீக்கப்பட்டதைக் காணிப் பதிவகத்தில் பதிவு செய்யுங்கள். சிறு தேயிலைத் தோட்டம் வைத்திருக்கும் உழவர் பெருமக்களே, தனியாரிடம் கடன் பெறும்போது நீங்கள் கையொப்பமிடுவது ஈட்டுறுதியா, “குறித்த காலத்துள் பணந்தந்தால் மீள எழுதித் தருவேன்” என்ற நிபந்தனையோடு கூடிய விற்பனை உறுதியா என்று பாருங்கள். பின்னதாயின், நாள் தவறினால் நிலமே போய்விடும். கடன் இணக்க சபை இத்தகைய இடர்களுக்காகவே 1941ஆம் ஆண்டுச் சட்டத்தால் அமைந்தது. காலங் கடக்குமுன் அதனை நாடுங்கள்.

கற்ற தமிழருக்கும் ஒரு வேண்டுகோள். தெரணியகலையிலும் இறக்குவானையிலும் பெல்மதுளையிலும் லயத்திலிருந்து படித்து உயர்ந்த ஆசிரியர்களும் கணக்காளர்களும் இன்று உளர். மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, அருகிலுள்ள தோட்டத்துக் கோயில் மண்டபத்தில் அமர்ந்து, மக்கள் கொண்டுவரும் கடன் தாள்களை வாசித்துக் கணக்கைக் கூறுங்கள். மேடைப் பேச்சுப் பத்தினும் அத்தொண்டு பெரிது.

அந்த முதியவருக்கு நான் கூறிய மறுமொழி இதுதான்: “பெரியவரே, இந்தச் சிட்டைகளில் ஒன்றையும் எறிந்துவிடாதீர்கள். இவை உறுதியல்ல, ஆனால் உறுதி கேட்கும் வழக்கில் இவையே உங்கள் சாட்சி.” அவர் பையை மீண்டும் முடிந்து மடியிற் செருகிக்கொண்டு நடந்தார். அவர் தனித்து நடந்தால் அது ஒரு முதியவரின் முறையீடு. அவரைப் போன்றோர் அனைவரும் தம் சிட்டைகளோடு ஒன்றுகூடி நின்றால், அதற்கு மறுமொழி கூறாமல் எந்த அரசும் இருக்க இயலாது.