தேள் விஷம் ஒன்றல்ல, நூறு!

தேள் கொட்டினால் முதலில் எங்கே போவது? மந்திரிக்கிறவரிடமா, ஆஸ்பத்திரிக்கா?

குமரி மாவட்டம் புதுக்கடை போன்ற ஊர்களில் இந்தக் கேள்விக்கு இன்றும் இரண்டு பதில் உண்டு. தென்னையும் ரப்பரும் நிறைந்த பகுதி அது. விறகு அடுக்கு, காய்ந்த மட்டைக் குவியல், பழைய ஓட்டு வீடு, கல் இடுக்கு... தேள் ஒளிந்துகொள்ள இடத்துக்குப் பஞ்சம் இல்லை. இருட்டில் தெரியாமல் காலை வைத்தால் கொட்டிவிடும்.

"வேப்பிலை அடித்தால் விஷம் இறங்கிவிடும்" என்பார் ஒருவர். "போன வருஷம் எனக்கு அப்படித்தான் இறங்கியது" என்று இன்னொருவர் சாட்சி சொல்வார். அவர் சொல்வது பொய் அல்ல. ஆனால் விஷத்தை இறக்கியது வேப்பிலைதானா?

கருப்பும் சிவப்பும்

தென்னாட்டு மக்கள் நன்கு அறிந்த தேள் இரண்டு. ஒன்று கருந்தேள். நட்டுவாக்காலி என்பதும் இந்த இனம்தான். பெரிய உடல். நண்டுக்கு இருப்பது போல் தடித்த முன்கால்கள். பார்த்தாலே குலை நடுங்கும்! மற்றொன்று செந்தேள். விரல் நீளம்தான் இருக்கும். முன்கால்களும் மெலிந்தவை.

பயங்கரமாகத் தோன்றும் கருந்தேள் கொட்டினால் வலிக்கும், வீங்கும். பெரும்பாலும் தானாகவே சரியாகிவிடும். செந்தேள் கொட்டியவர்களிலும் பலருக்கு வலியோடு போய்விடும். ஆனால் சிலருக்கு, முக்கியமாகக் குழந்தைகளுக்கு, அது உயிருக்கே உலை வைக்கும்.

மந்திரத்துக்குப் பெயர் வாங்கிக் கொடுப்பது கருந்தேள். அந்தப் பெயரை நம்பிக் காத்திருப்பவர்களின் பிள்ளையைக் கொண்டு போவது செந்தேள்!

விஷத்துக்குள் என்ன இருக்கிறது?

தேள் விஷம் ஒரே பொருள் அல்ல. நூறு சரக்கு போட்டுக் காய்ச்சிய கஷாயம் போன்றது. அதில் முக்கியமானவை பெப்டைடு எனப்படும் மிகச் சிறிய புரதங்கள்.

ஒவ்வொரு பெப்டைடும் ஒரு மணிமாலை போன்றது. மணிகள் 20 வகை. கோக்கும் வரிசை மாறினால் மாலையின் வேலையும் மாறிவிடும். 60, 70 மணிகள் கொண்ட நீண்ட மாலைகள் உண்டு. 30, 40 மணிகள் கொண்ட குட்டை மாலைகளும் உண்டு.

நம் நரம்பின் சுவரில் கண்ணுக்குத் தெரியாத கதவுகள் இருக்கின்றன. சோடியம் நுழைவது ஒரு கதவு. பொட்டாசியம் வெளியேறுவது மற்றொரு கதவு. நீண்ட மாலைகள் பெரும்பாலும் சோடியக் கதவை மூட விடாமல் பிடித்துக்கொள்ளும். குட்டை மாலைகள் பொட்டாசியக் கதவை அடைத்துக்கொள்ளும். பூச்சிகளை மட்டும் தாக்கும் மாலைகளும் உண்டு. தேளின் இரை பூச்சிதானே!

உலகில் 2,500-க்கும் மேற்பட்ட தேள் வகைகள் இருக்கின்றன. ஒவ்வொன்றும் தனித்தனிக் கஷாயம் வைத்திருக்கிறது.

செந்தேள் விஷம் ஏறினால் நரம்புகள் ஓய்வில்லாமல் துடிக்கும். உடம்பில் அட்ரினலின் வெள்ளமாகப் பாயும். வியர்வை கொட்டும். வாந்தி வரும். கை கால் சில்லிடும். இதயம் தளரும். நுரையீரலில் நீர் கோக்கும். திறந்துகிடக்கும் அந்தக் கதவை வேப்பிலையால் மூட முடியுமா?

வழி கண்ட டாக்டர்

மகாராஷ்டிரத்தில் மகாட் என்று ஓர் ஊர். அங்கே செந்தேள் கொட்டிச் சாகிறவர்களைக் கண்டு மனம் பொறுக்காமல் ஆராய்ச்சியில் இறங்கியவர் டாக்டர் ஹிம்மத்ராவ் பவாஸ்கர். ரத்த அழுத்தத்துக்குக் கொடுக்கும் பிரசோசின் என்ற மாத்திரையை 1980-களில் அவர் தேள்கடிக்குக் கொடுத்தார். இறுகிய ரத்தக் குழாய்களை அது தளர்த்தியது. இதயத்தின் பாரம் குறைந்தது. சாவு வெகுவாகக் குறைந்தது. செந்தேளுக்கென்றே தயாரான விஷமுறிவு மருந்தையும் சேர்த்துக் கொடுத்தால் இன்னும் விரைவில் குணமாகிறது என்று 2011-ல் அவர் வெளியிட்டார். 2022-ல் அவருக்குப் பத்மஸ்ரீ விருது கிடைத்தது.

ஒன்றைக் கவனிக்க வேண்டும். பாம்புக்கடி மருந்து தேளுக்கு உதவாது. விஷம் வேறு, மருந்தும் வேறு. அப்படியிருக்க, எல்லா விஷத்துக்கும் ஒரே மந்திரம் எப்படிப் போதும்?

தமிழ்ப் பெயர் கொண்ட தேள்

செந்தேளுக்கு 1798-ல் பப்ரீசியஸ் என்ற டென்மார்க் அறிஞர் விஞ்ஞானப் பெயர் வைத்தார். 'தாமுலஸ்' என்பது அந்தப் பெயர். தமிழ் மண்ணைக் குறிக்கும் சொல் அது! அந்தத் தேளின் விஷத்திலிருந்து ஐபீரியோடாக்சின் என்ற 37 மணி மாலையை 1990-ல் பிரித்தெடுத்து அறிவித்தார்கள். ஒரே வகைப் பொட்டாசியக் கதவை மட்டும் அது அடைக்கும். அதனால் ரத்தக் குழாய்களும் தசைகளும் வேலை செய்யும் விதத்தை ஆராய உலகமெங்கும் அது பயன்படுகிறது.

மேற்காசியப் பாலைவனத் தேள் ஒன்றின் விஷத்தில் 36 மணி மாலை ஒன்று உண்டு. அது மூளைப் புற்றுநோய் அணுக்களில் போய் ஒட்டிக்கொள்கிறது. அதைக் கொண்டு கட்டியை ஒளிரச் செய்து டாக்டருக்குக் காட்டும் முறை மனிதர்களிடமும் சோதிக்கப்பட்டிருக்கிறது. கொல்லும் விஷத்திலிருந்தே காக்கும் மருந்து! தமிழ்ப் பெயர் கொண்ட தேளைத் தமிழ்நாட்டுக் கல்லூரிகளும் அக்கறையோடு ஆராய வேண்டாமா?

செய்ய வேண்டியது என்ன?

தேள் கொட்டிய இடத்தைக் கீறக் கூடாது. இறுக்கிக் கட்டக் கூடாது. வாயால் உறிஞ்சக் கூடாது. எந்தத் தேள் என்று தேடி நேரம் கடத்தவும் கூடாது. குழந்தையானால் ஒரு நிமிஷமும் தாமதிக்காமல் ஆஸ்பத்திரிக்குத் தூக்கிச் செல்ல வேண்டும். வண்டி இல்லாதவர்களுக்கு 108 ஆம்புலன்ஸ் இருக்கிறது. புதுக்கடைக்காரர்களுக்குக் குழித்துறை அரசு ஆஸ்பத்திரி எட்டும் தூரம்தான். ஆசாரிபள்ளத்தில் மருத்துவக் கல்லூரி ஆஸ்பத்திரியும் இருக்கிறது.

அரசுக்கும் ஒரு கடமை உண்டு. பிரசோசின் விலை உயர்ந்த மருந்து அல்ல. எந்தக் கிராமத்து ஆரம்ப சுகாதார நிலையத்திலும், எந்த நடு ராத்திரியிலும் அது கைக்கு எட்ட வேண்டும்.

மந்திரிக்கிறவர் மீது ஊர் வைத்திருக்கும் மதிப்பு அப்படியே இருக்கட்டும். தேடி வருகிறவரிடம், "முதலில் ஆஸ்பத்திரிக்குப் போ!" என்று அவர் சொல்லட்டும். அதைவிடப் பலிக்கும் மந்திரம் வேறு இல்லை!