கடைசிப் பக்கத்தின் அடியில் ஒரு பெயர்

எழுத்தாளனின் சுதந்திரம் பற்றி இந்தப் பக்கங்களில் நிறையவே சண்டை போட்டிருக்கிறோம். அச்சடிப்பவரைப் பற்றி ஒரு வரி எழுதியதாக எனக்கு ஞாபகமில்லை. சுதந்திரப் போரில் பத்திரிகைகளின் பங்கு என்று நம் விமர்சகர்கள் எழுதும்போதும் பத்திரிகை என்றால் ஆசிரியர்தான்.

1907 இல் கல்கத்தாவில் நடந்த 'வந்தே மாதரம்' ராஜத்துரோக வழக்கைப் பார்ப்போம். குற்றம் சாட்டப்பட்டவர்கள் மூவர்: அரவிந்தர், மானேஜர் ஹேமேந்திரநாத் பாக்சி, அச்சாளர் அபூர்வ கிருஷ்ண போஸ். அரவிந்தர்தான் ஆசிரியர் என்று அரசுத் தரப்பால் நிரூபிக்க முடியவில்லை. சாட்சி சொல்ல மறுத்த பிபின் சந்திர பால் ஆறு மாதம் சிறை சென்றார். அரவிந்தரும் மானேஜரும் விடுதலையானார்கள். அச்சாளருக்கு மூன்று மாதக் கடுங்காவல்.

காரணம் எளியது. 1867 ஆம் வருஷத்துச் சட்டப்படி அச்சாளர் மாஜிஸ்திரேட் முன் உறுதிமொழி தர வேண்டியிருந்தது. இதழ்தோறும் அவர் பெயர் இருக்க வேண்டியிருந்தது. ஆசிரியர் பெயரையும் போட வேண்டும் என்ற கட்டாயம் 1922 திருத்தத்தில்தான் வந்தது. அதுவரை ஆசிரியர் மறைந்துகொள்ள இடமிருந்தது. அச்சாளருக்கு இல்லை. 1910 சட்டம் புதிய அச்சகங்களிடம் 500 முதல் 2,000 ரூபாய் வரை ஜாமீன் கேட்டது. யாரை மிரட்டினால் பத்திரிகை நிற்கும் என்று வெள்ளைக்கார அரசாங்கத்துக்குத் தெரிந்திருந்தது. நம் விமர்சனத்துக்குத்தான் இன்னும் தெரியவில்லை.

வழக்கு நடந்துகொண்டிருந்தபோதே தாகூர் அரவிந்தரை வணங்கி ஒரு கவிதை எழுதினார். அரவிந்தருக்கு அது தகும். ஆனால் தீர்ப்பன்று சிறைக்குப் போனவர் வேறு ஆள்.

கூலிக்கு வேலை செய்தவருக்கு இதில் கொள்கை என்ன இருக்கிறது என்று கேட்பார்கள். நான் பாங்க் குமாஸ்தா. என்னுடையதல்லாத பணத்துக்குத் தினமும் கையெழுத்துப் போடுகிறேன். தப்பு நேர்ந்தால் பதில் சொல்ல வேண்டியவன் நான். கையெழுத்தின் கனம் எனக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

தெரியவில்லை. சில வருஷங்களுக்கு முன் எங்கள் இதழுக்கு வந்த ஒரு அரசியல் கவிதையை அச்சடிக்க அச்சகக்காரர் தயங்கினார். "எழுதினவர் புனைபெயர்லதானே இருக்கார் சார்? என் பேர் மட்டும்தானே நிஜப் பேரு?" என்றார். அடுத்த இதழில் அவரைக் கோழை என்று எழுதினேன். அந்தப் பக்கத்தையும் அவர்தான் அச்சடித்துக் கொடுத்தார், கடைசிப் பக்கத்தின் அடியில் தன் பெயரோடு.

அந்த வார்த்தையை இங்கே வாபஸ் வாங்குகிறேன்.