‘வயசாயிடுச்சு’ என்பது பதில் இல்லை

நம்மூர்ச் சிறுகதைகளில் கிழவர்கள் எல்லாரும் ஒரே மாதிரிதான் மறக்கிறார்கள். மெல்ல மெல்ல. முதலில் சாவி, அப்புறம் பேரனின் பெயர், கடைசியில் கண்ணாடியில் தெரியும் முகம். வாசலில் சாய்வு நாற்காலி ஒன்று கட்டாயம் இருக்கும். தூரத்தில் ரப்பர் மரங்கள், அல்லது அவை இருந்த இடத்தில் முளைத்த அடுக்குமாடி. தோட்டம் அழிந்ததன் குறியீடுதான் இந்த மறதி என்று ஒருவர் விமர்சனமும் எழுதிவிடுவார்.

இந்தக் கதைகள் சலிப்பூட்டுகின்றன என்பது என் முதல் புகார் அல்ல. மறதிக்கு ஒரே காரணம், ஒரே வேகம் என்று இவை நம்மைப் பழக்கிவைத்திருக்கின்றன. அந்தக் காரணத்தின் பெயர் வயசு. திங்கட்கிழமை தெளிவாகப் பேசிக்கொண்டு ஆப்பரேஷனுக்குப் போனவர் வியாழக்கிழமை ஆள் அடையாளம் தெரியாமல் கிடந்தாலும் நம் வாயில் வருவது அதே வாக்கியம்தான்: “வயசாயிடுச்சுல்ல.” மூன்று நாளில் ஒருவருக்கு எவ்வளவு வயசு ஏறும்? யாரும் கேட்பதில்லை.

அறுவை சிகிச்சைக்குப் பிறகோ கடும் நோய்க்குப் பிறகோ மூளையின் செயல்பாடு இறங்கிப்போவது புதிதாகக் கண்டுபிடிக்கப்பட்ட ஒன்றல்ல. 1955-இல் லான்செட் இதழில் பெட்ஃபோர்ட் என்ற ஆக்ஸ்ஃபோர்ட் மருத்துவர் ஒரு கட்டுரை எழுதினார். ஆப்பரேஷனுக்கு அப்புறம் இவர் பழைய ஆளாக இல்லை என்று குடும்பத்தினர் சொல்லிக்கொண்டே இருந்ததைக் காதில் வாங்கி, மயக்க மருந்து கொடுக்கப்பட்ட ஆயிரத்துக்கும் மேற்பட்ட முதியவர்களின் விவரங்களைத் திரட்டிப் பார்த்தார். தவிர்க்கவே முடியாத நிலையில் மட்டும் முதியவர்களுக்கு அறுவை சிகிச்சை செய்யுங்கள் என்பது அவருடைய அறிவுரை. அந்த அறிவுரையைப் பற்றிப் பிறகு சண்டை போடலாம். எனக்கு முக்கியமாகப் படுவது வேறு. இந்தத் துறையின் தொடக்கத்தில் இருப்பது ஒரு கருவி அல்ல, வீட்டு ஆட்களின் பேச்சு.

பேச்சை எண்ணாக்க நாற்பது வருடத்துக்கு மேல் ஆனது. 1998-இல் வெளிவந்த பெரிய பன்னாட்டு ஆய்வு ஒன்றில், இதய அறுவை அல்லாத பெரிய சிகிச்சைகளுக்குப் போன, 60 வயதுக்கு மேற்பட்ட 1218 பேரைச் சிகிச்சைக்கு முன்னும் பின்னும் சோதித்தார்கள். ஒரு வாரத்தில் 25.8 விழுக்காட்டினருக்குச் சரிவு. மூன்று மாதத்தில் 9.9 விழுக்காடு. சிகிச்சையே செய்துகொள்ளாத ஒப்பீட்டுக் குழுவில் அதே காலத்தில் 3.4, 2.8. ரத்தத்தில் ஆக்சிஜன் குறைவதும் ரத்த அழுத்தம் இறங்குவதும்தான் காரணமாக இருக்கும் என்று நினைத்துத் தொடங்கினார்கள். இரண்டும் இல்லை என்று வந்தது.

பத்தில் ஒருவர்தானே என்று தோளைக் குலுக்குகிறவர்களுக்காக இன்னொன்று. 2013-இல் அமெரிக்காவின் வாண்டர்பில்ட் பல்கலைக்கழகக் குழு, தீவிர சிகிச்சைப் பிரிவில் கிடந்த 821 பேரைப் பின்தொடர்ந்து எழுதியது. ஓராண்டு கழித்துச் சோதிக்கப்பட்டவர்களில் 34 விழுக்காட்டினரின் மதிப்பெண், தலையில் ஓரளவு பலமான அடிபட்டவர்களின் மதிப்பெண்ணைப் போல இருந்தது. 24 விழுக்காட்டினருக்கு ஆரம்பநிலை அல்சைமர் நோயாளிகளைப் போல. மருத்துவமனைக்கு வருமுன் அறிவுத்திறன் குறைபாடு இருந்தவர்கள் அவர்களில் 6 விழுக்காட்டினர் மட்டுமே. இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். இந்தச் சரிவு கிழவர்களிடம் மட்டும் காணப்படவில்லை. இளையவர்களுக்கும் வந்தது, நிலைத்தது. வயசு என்ற ஒரு சொல்லை வைத்து இதை எப்படி விளக்குவீர்கள்?

நான் தொழிற்சாலையில் பராமரிப்புப் பிரிவில் வேலை செய்கிற எஞ்சினியர். ஒரு பம்பைக் கழற்றிப் பழுதுபார்ப்பதற்கு முன் அதன் அதிர்வை அளந்து எழுதி வைக்க வேண்டும். மாட்டிய பிறகு மறுபடி அளக்க வேண்டும். பின்னால் எடுத்த அளவை மட்டும் தூக்கிக்கொண்டு போய் ‘எல்லாம் ஓகே பாஸ்’ என்று சொன்னால் என் மேலாளர் அந்தத் தாளை என் மூஞ்சியிலேயே எறிவார். எறிய வேண்டும். பம்புக்குக் கொடுக்கிற இந்த மரியாதையை ஏன் ஒரு மனுஷியின் மூளைக்குக் கொடுக்க மாட்டேன் என்கிறோம்?

என் பாட்டி குளியலறையில் வழுக்கி விழுந்து இடுப்பு எலும்பை உடைத்துக்கொண்டபோது அவருக்கு வயது 74. ஆப்பரேஷன் நன்றாக நடந்தது. மூன்றாம் நாள் இரவு கையில் ஏற்றியிருந்த டிரிப்பைப் பிடுங்கிப் போட்டுவிட்டு, “பெரட்டுக்கு நேரமாச்சு, தண்டல் பேர் கூப்பிடறான், என்னை விடுங்கடா” என்று கட்டிலிலிருந்து இறங்கப் பார்த்தார். இரண்டு கைகளையும் துணியால் கட்டிவைத்தார்கள். காலையில் ஒரு இளம் டாக்டர் வந்து, “ஹாரி இனி ஹாரி அப்பா, மாச்சிக்?” என்றார். இன்றைக்கு என்ன கிழமை என்கிறார். பாட்டியின் காது மெஷினும் மூக்குக் கண்ணாடியும் பல்செட்டும் ஒரு பிளாஸ்டிக் பையில் போடப்பட்டு அம்மாவின் கைப்பைக்குள் இருந்தன. ஆப்பரேஷன் அறைக்குள் போகுமுன் கழற்றிக் கொடுத்தவை. திரும்ப மாட்டச் சொல்லி யாரும் சொல்லவில்லை. பாட்டிக்குக் கேள்வி கேட்கவில்லை. கேட்டிருந்தாலும் அது மலாயில். அம்மா மொழிபெயர்த்துக் கத்தியதும் பாட்டி சொன்னார்: “ஞாயித்துக்கிழமையா இருந்தா ஏன்யா எழுப்புறீங்க?”

இந்த இடத்தில் நம் சிறுகதையாசிரியர் பேனாவைத் திறந்துவிடுவார் என்று எனக்குத் தெரியும். ஐம்பது வருடம் கழித்தும் பெரட்டுக் களம் அவள் ஆழ்மனத்தில் வாழ்கிறது! இல்லை சார். அந்த இரவில் பாட்டி பேசியது என்னவோ அவருடைய வாழ்க்கைதான், அதை மறுக்கவில்லை. ஆனால் அப்படிப் பேச வைத்தது வாழ்க்கை இல்லை. மூன்று இரவு தூக்கமில்லை, குடிக்கத் தண்ணீர் போதவில்லை, வலி, கண்ணும் காதும் பையில். இதற்கு மருத்துவத்தில் டெலிரியம் என்று பெயர். திடீரென்று வரும், ஏறி இறங்கும், கவனத்தைக் கலைக்கும்.

தமிழில் இதற்குச் சொல் இல்லை என்று ஒரு நண்பர் சொன்னார். இருக்கிறது. ஜன்னி. “காய்ச்சல்ல ஜன்னி கண்டுருச்சு” என்று தோட்டத்தில் எந்தக் கிழவியும் சொல்வார். சித்த மருத்துவ நூல்களில் சன்னி என்று தனியாகவே வருகிறது. அந்தச் சொல்லுக்குள்ளேயே நோயினால் வந்தது, சட்டென்று வந்தது, உயிருக்கு ஆபத்தானது என்ற மூன்று அர்த்தமும் இருக்கின்றன. கிழவிகளுக்குத் தெரிந்த வித்தியாசத்தைப் படித்த நாம் தொலைத்துவிட்டோம். நமக்கு ஜன்னியும் மறதிநோயும் வயசும் ஒன்றே. சிலருக்குக் கூடுதலாகப் பேய். (என் மாமா ஒருவர் திருநீறு மந்திரித்துக் கொண்டுவந்தார். அவரைக் குறை சொல்ல மாட்டேன், அந்த வார்ட்டில் ஏதாவது செய்ய வேண்டும் என்று நினைத்த ஒரே ஆள் அவர்தான்.)

ஜன்னி தெளிந்ததும் கதை முடிவதில்லை. 2012-இல் வந்த ஆய்வில், இதய அறுவைக்குப் போன 225 பேரில் டெலிரியம் வந்தவர்களையும் வராதவர்களையும் ஒப்பிட்டார்கள். ஆறு மாதத்துக்குப் பிறகும் தங்கள் பழைய அளவுக்குத் திரும்பாதவர்கள் முதல் குழுவில் 40 விழுக்காடு, இரண்டாம் குழுவில் 24. ‘பழைய அளவு’ என்று ஒன்று இவர்களுக்கு எப்படிக் கிடைத்தது? ஆப்பரேஷனுக்கு முன்னால் உட்கார்ந்து அளந்தார்கள். அவ்வளவுதான் ரகசியம்.

பாட்டிக்கு அப்படி ஓர் அளவு இல்லை. எங்கள் தாமானில் பதினான்கு பெண்கள் மாதம் நூறு வெள்ளி போட்டு, முறை வைத்து எடுக்கிற பணத்துக்குப் பாட்டிதான் கணக்கு. நோட்டுப் புத்தகம் கிடையாது. எழுதப் படிக்கத் தெரியாது. யார் கொடுத்தார், யார் அரைவாசி கொடுத்தார், யார் முறையை யாருக்கு விட்டுக்கொடுத்தார் எல்லாம் தலைக்குள். வீட்டுக்கு வந்து மூன்று மாதம் கழித்து அந்தக் கணக்கை அவரால் பிடிக்க முடியவில்லை. பெயர்கள் தெரியும், முகங்கள் தெரியும், வரிசை நழுவுகிறது. கிளினிக்கில் எக்ஸ்ரேயைப் பார்த்து, எலும்பு அருமையாகச் சேர்ந்திருக்கிறது என்றார்கள். அம்மா கணக்கு விஷயத்தைச் சொன்னார். “பியாசாலா, ஓராங் துவா.” வயசானவங்க, இப்படித்தான் இருக்கும். நம் சொந்த வாக்கியம்தான், இன்னொரு மொழியில்.

சோதித்துப் பார்த்திருந்தால் மட்டும் என்ன தெரிந்திருக்கும்? பரவலாகப் பயன்படும் சோதனைகளில் நூறிலிருந்து ஏழு ஏழாகக் கழிக்கச் சொல்வார்கள், படம் வரையச் சொல்வார்கள். பள்ளிக்கூடமே போகாத ஒருவர் இதில் ஆப்பரேஷனுக்கு முன்னாலும் தோற்பார், பின்னாலும் தோற்பார். ஆக ‘மாற்றம் இல்லை’! படிப்பறிவு குறைந்த முதியவர்களை வேறு விதமாகக் கேட்க வேண்டும் என்பது இந்தப் பக்கத்து மருத்துவர்களுக்குத் தெரியாததும் இல்லை. சிங்கப்பூரில் குவா ஈ ஹியோக் 1992-லேயே பத்துக் கேள்விகளில் ஒரு வினாப்பட்டியலைச் சக மருத்துவருடன் சேர்ந்து உருவாக்கினார். ஆனால் எந்த வினாப்பட்டியலிலும் பதினான்கு பெண்களின் கணக்கு இருக்காது. அது வீட்டுக்குத்தான் தெரியும்.

ஆய்வுலகமே சுற்றி அலைந்து இந்த இடத்துக்குத்தான் வந்து சேர்ந்திருக்கிறது. 2018-இல் இந்தக் குறைபாடுகளுக்கு என்ன பெயர் வைப்பது, எப்படி வரையறுப்பது என்று ஒரு பன்னாட்டுக் குழு பரிந்துரை வெளியிட்டது. சோதனையில் மதிப்பெண் குறைந்தால் மட்டும் போதாது. நோயாளியோ, அவரை அறிந்தவரோ, மருத்துவரோ மாற்றத்தைப் பற்றிக் கவலை தெரிவித்திருக்க வேண்டும் என்றது. 1955-இல் பெட்ஃபோர்டின் காதில் விழுந்த அதே பேச்சு, அறுபத்து மூன்று வருடம் கழித்து வரையறைக்குள் வந்திருக்கிறது. அந்த நேரத்தில் போய் நாம் ‘வயசாயிடுச்சு’ என்று சொல்லிவிட்டால், மருத்துவருக்குக் கிடைக்க வேண்டிய ஒரே சாட்சியையும் நாமே அழிக்கிறோம்.

இனி எதிர்ப்பக்கத்துக்கு வருகிறேன். குடும்ப வாட்ஸ்அப் குழுக்களில் ஒரு நிபுணர் கட்டாயம் இருப்பார். “முழு மயக்கம் குடுத்தா மூளையைத் தின்னுரும், முதுகுல ஊசி போடச் சொல்லுங்க, இல்லன்னா ஆப்பரேஷனே வேணாம்.” இவரும் வயசுக்காரர்களுக்குச் சளைத்தவர் அல்ல. ஒரே காரணத்தைப் பிடித்துத் தொங்குகிறார். இடுப்பெலும்பு உடைந்த 1600 பேரை வைத்து அமெரிக்காவிலும் கனடாவிலும் நடந்து 2021-இல் வெளிவந்த ஆய்வில், முதுகில் ஊசி போட்டவர்களுக்கும் முழு மயக்கத்தில் இருந்தவர்களுக்கும் டெலிரியம் ஏறத்தாழ ஒரே அளவு: 20.5, 19.7. சீனாவில் ஒன்பது மருத்துவமனைகளில் நடந்த ஆய்விலும் பெரிய வேறுபாடு இல்லை. நீண்டகாலச் சரிவைப் பற்றி இவை முடிவு சொல்லவில்லை, டெலிரியத்தைப் பற்றி மட்டும்தான். ஆனாலும் ஊசியை மாற்றினால் தீர்ந்தது என்பவரின் வாயை மூட அது போதும். ஆப்பரேஷனே வேண்டாம் என்பவர், உடைந்த இடுப்போடு படுக்கையில் கிடப்பவருக்குப் புண்ணும் சளியும் வந்து என்ன ஆகும் என்று ஒருமுறை பார்த்துவிட்டு வரட்டும்.

இதய பைபாஸ் விஷயத்திலும் இதே கதை. 2001-இல் வந்த ஒரு புகழ்பெற்ற ஆய்வு ஐந்து வருடம் கழித்து 42 விழுக்காட்டினருக்குச் சரிவு என்றது, பீதி கிளம்பியது. அதில் ஒப்பீட்டுக் குழு கிடையாது. பைபாஸ் செய்யாத இதய நோயாளிகளும் அதே போலச் சரிகிறார்கள் என்று ஜான்ஸ் ஹாப்கின்ஸ் குழு பின்னர் காட்டியது. பார்த்தீர்களா, வயசும் நோயும்தான் என்று குதிக்க வேண்டாம். ஒவ்வொருவரும் எங்கே நின்றார் என்று முன்கூட்டியே தெரியாவிட்டால் யார் பக்கமும் தீர்ப்புச் சொல்ல முடியாது என்பதைத்தான் இது காட்டுகிறது.

என்னைக் கடைசியில் கோபப்பட வைப்பது இதன் விலை. 1999-இல் ஏல் பல்கலைக்கழகத்தின் ஷரன் இனோய் குழு, பொது மருத்துவப் பிரிவில் 70 வயதுக்கு மேற்பட்ட 852 பேரிடம் செய்தது என்ன தெரியுமா? இது எந்த இடம், இன்று என்ன நாள் என்று அடிக்கடி பேச்சுக் கொடுத்தார்கள். இரவில் தூங்க விட்டார்கள். எழுப்பி நடக்க வைத்தார்கள். தண்ணீர் குடிக்க வைத்தார்கள். கண்ணாடியைப் போட்டுவிட்டார்கள். காது மெஷினை மாட்டிவிட்டார்கள். டெலிரியம் 15 விழுக்காட்டிலிருந்து 9.9-ஆகக் குறைந்தது. வந்துவிட்ட டெலிரியத்தின் கடுமையை இது குறைக்கவில்லை, ஆகவே முன்கூட்டியே செய்ய வேண்டும். 2001-இல் இடுப்பெலும்பு உடைந்த 126 பேரிடம், முதியோர் மருத்துவரை ஆரம்பத்திலேயே அழைத்து ஆலோசனை கேட்டபோது 50 விழுக்காடு 32 ஆனது. இதில் கோடிக்கணக்கில் விலையுள்ள மெஷின் எங்கே இருக்கிறது? தாதிகள் போதவில்லை, வேலைப்பளு, தெரியும். அப்படியென்றால் மாட்டிவிட வீட்டு ஆளை உள்ளே விடுங்கள். பார்வையாளர் நேரம் முடிந்தது என்று அம்மாவை வெளியே அனுப்பிவிட்டு, பாட்டியின் கையைக் கட்டுவது எந்தக் கணக்கில் சிக்கனம்?

ஒப்புதல் படிவத்தோடு வருகிற தாளில் ஒவ்வாமை உண்டா, பல்செட் உண்டா, நகை உண்டா என்று கட்டங்கள் இருக்கின்றன. இவர் நேற்றுவரை தலைக்குள் வைத்து என்னென்ன செய்துகொண்டிருந்தார் என்று எழுத ஒரு கட்டம் இல்லை. அது வரும்வரை ஒரு வெள்ளைத்தாளில் எழுதி, தேதி போட்டு, வீட்டில் ஒருவர் கையெழுத்திட்டு, மருத்துவக் கோப்பில் வைக்கச் சொல்லிக் கொடுக்கலாம். எங்கள் வீட்டுத் தாள் இப்படி இருந்திருக்கும்: பதினான்கு பேர். ஆளுக்கு மாதம் நூறு வெள்ளி. இந்த மாதம் யார் முறை, போன மாதம் யார் பாக்கி என்று புத்தகம் பார்க்காமல் சொல்வார். காது மெஷின் இல்லாமல் கேட்காது. தமிழில் கேளுங்கள்.