உரிமைக்கும் தவணை உண்டு

கொழுந்து பறித்த கூலியில் நாம் படிக்கவைத்த பிள்ளைகள் இன்று அரச சேவையில் இருக்கிறார்கள். நமக்குப் பெருமைதான். ஆனால் அவர்கள் பட்ட பாட்டை மறக்கலாமா? தோட்டப் பாடசாலைகளுக்கு ஆசிரிய உதவியாளர்களாகச் சென்றவர்களுக்கு முதலில் கிடைத்தது மாதம் 6,000 ரூபா. பின்னர் 10,000 ரூபா. மற்ற ஆசிரியர்களைப் போலவே கற்பித்தார்கள். ஆசிரியர் சேவைக்குள் உள்ளீர்க்கப்பட வருடக்கணக்கில் காத்திருந்தார்கள்.

பதவி உயர்வும் சம்பள ஏற்றமும் யாரும் போடும் பிச்சையல்ல. சேவைப் பிரமாணக் குறிப்பில் எழுதப்பட்டவை. தகுதியுள்ள ஒருவருக்குக் கொடுத்து, அதே தகுதியுள்ள இன்னொருவருக்கு மறுத்தால், அரசியலமைப்பின் 12ஆம் உறுப்புரை தரும் சமத்துவ உரிமை கேள்விக்குள்ளாகிறது. 126ஆம் உறுப்புரையின் கீழ் உயர் நீதிமன்றம் செல்லலாம். ஆனால் ஒரு மாதத்துக்குள் செல்லவேண்டும். அதே ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டால், அங்கு விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் அந்தக் கணக்கில் சேராது.

'ஐயா பார்த்துக்கொள்வார்' என்று அரசியல்வாதியின் வாசலில் நிற்கும்போதே அந்த மாதம் ஓடிவிடுகிறது.

செக்ரோலில் அரைப் பேர் விழுந்தால் அன்றே கேட்கிறோம். அந்த ரோசத்தைப் பிள்ளைகளுக்கும் சொல்லிக்கொடுப்போம். நியமனக் கடிதம், சம்பளத் துண்டு, அனுப்பிய மேன்முறையீடு ஆகியவற்றின் பிரதிகளைப் பத்திரப்படுத்தட்டும். கோரிக்கையைப் பதிவுத் தபாலில் அனுப்பட்டும். மறுப்புக் கடிதம் கைக்கு வந்த அன்றே தொழிற்சங்கத்திடம் வரட்டும்.

வாய்ப்பேச்சுக்குச் சாட்சி இல்லை, கடிதத்துக்கு உண்டு.