அம்மா போனுக்குத் தகவல் போய்ச் சேர்ந்ததா?

இங்கே அமீரகத்தில் இருக்கிறவங்களுக்குத் தெரிஞ்ச விஷயம்தான். 2025 ஜூலை 25 முதல் எஸ்.எம்.எஸ்., ஈமெயில் வழியா வந்த ஓடிபியை வங்கிகள் படிப்படியா நிறுத்த ஆரம்பிச்சாங்க. அதுக்குப் பதிலா ஆப்புக்கு ஒரு நோட்டிபிகேஷன் வரும். அதைத் தட்டிச் சரின்னு சொன்னாத்தான் பணம் நகரும். டூப்ளிகேட் சிம் வாங்கி ஓடிபியைத் திருடுற கூட்டத்துக்கு இது நல்ல பூட்டு. வங்கியில் வேலை பார்க்கிறவன் என்ற முறையில் எனக்கு இதில் சந்தோஷமே.

ஆனா, "ஊர்லயும் கணக்கில் பணம் எடுத்த தகவலை ஆப்லயே அனுப்பிடலாமே, எஸ்.எம்.எஸ். செலவு எதுக்கு?" என்று கேட்கிறவங்களோட எனக்கு ஒத்துப்போகலை.

நம்ம ஊர் கோலார் தங்கவயல். 2001 பிப்ரவரி 28-ல் சுரங்கத்தை மூடினப்புறம் பிள்ளைங்களில் பல பேர் தினமும் ரயிலேறி பெங்களூருக்குப் போய் வர்றாங்க. சில பேர் என்னை மாதிரி கடல் தாண்டி வந்துட்டோம். மாரிக்குப்பத்திலும் சாம்பியன் ரீஃபிலும் லைன் வீடுகளில் இருக்கிறது பெத்தவங்க. நாம அனுப்பற பணம் போறது அவங்க கணக்குக்கு. அந்தக் கணக்கில் யாராவது கை வெச்சா முதல்ல தெரிய வேண்டியதும் அவங்களுக்குத்தான்.

நான் படிச்சது பி.காம். இருந்தாலும் இந்த நோட்டிபிகேஷன் எப்படி வருதுன்னு கொஞ்சம் கத்துக்கிட்டேன். ஆப்பைப் போட்டதும் அந்த போனுக்கு ஒரு டோக்கன் கிடைக்கும். லைன் வீட்டு நம்பர் மாதிரின்னு வெச்சுக்கங்க. வங்கி அந்த நம்பரைக் குறிச்சு வெச்சுக்கும். தகவல் அனுப்பணும்னா நேரா போனுக்கு அனுப்பாது. நடுவில் ஒரு தபால் ஆபீஸ் இருக்கு. ஐபோனுக்கு 2009 முதல் ஆப்பிளோடது. ஆண்ட்ராய்டுக்கு கூகுளோடது, 2016 முதல் அதுக்குப் பேர் ஃபயர்பேஸ் கிளவுட் மெசேஜிங்.

சிக்கல் எங்கேன்னா, தபால் ஆபீஸ் "வாங்கிக்கிட்டேன்"னு சொன்னா போனுக்குப் போய்ச் சேர்ந்துடுச்சுன்னு அர்த்தம் இல்லை. போன் நெட்டில் இல்லைன்னா தகவல் அங்கேயே காத்திருக்கும். அதிகபட்சம் 4 வாரம், அப்புறம் குப்பை. ஆப்பை அழிச்சுத் திரும்பப் போட்டா வீட்டு நம்பர் மாறிடும். 270 நாள் தொடர்பே இல்லாத ஆண்ட்ராய்டு போனோட டோக்கன் காலாவதி ஆகிடும். 2022-ல் வந்த ஆண்ட்ராய்டு 13 முதல், புதுசா ஆப் போடும்போது அனுமதி கேட்கும். "வேண்டாம்"னு தட்டிட்டா அதோட சரி. பட்டன் போன் வெச்சிருக்கிற அப்பாவுக்கோ ஆப்பே கிடையாது. எஸ்.எம்.எஸ்.ஸும் சில சமயம் தாமதமாகும், ஒத்துக்கிறேன். ஆனா அதுக்கு நெட் வேண்டாம், ஆப் வேண்டாம், பட்டன் போனே போதும்.

இது வெறும் வசதிப் பிரச்சனை இல்லை. 2017 ஜூலை 6-ல் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. வங்கி மேலயும் வாடிக்கையாளர் மேலயும் தப்பில்லாம வேற எங்கேயோ நடந்த மோசடின்னா, வங்கியோட தகவல் கிடைச்ச 3 வேலை நாளுக்குள் புகார் கொடுத்தா வாடிக்கையாளருக்கு நஷ்டம் இல்லை. 4 முதல் 7 நாள் ஆனா ஒரு வரம்பு வரைக்கும் அவர் தலையில். அதுக்கும் மேல போனா அந்தந்த வங்கியோட கொள்கைப்படி. எஸ்.எம்.எஸ். கட்டாயம் அனுப்பணும்னும் அதே சுற்றறிக்கை சொன்னது. நாள் எண்ண ஆரம்பிக்கிறது தகவல் கிடைச்ச நேரத்தை வெச்சு. "நாங்க அனுப்பிட்டோம்"னு வங்கியும், "எனக்கு வரவே இல்லை"ன்னு அம்மாவும் நின்னா யார் பேச்சு எடுபடும்னு சொல்லணுமா?

இன்னொன்னு. சுரங்கம் ஓடின காலத்தில் ஷிப்டுக்கு ஊதின சங்கை ஊரே மதிச்சதுக்குக் காரணம், அது வேலை விஷயத்துக்கு மட்டும் ஊதினது. தீபாவளித் தள்ளுபடிக்கு ஊதலை :-) இன்னிக்கு ஆப்புகள் லோன் விளம்பரத்துக்கும் அதே மணியை அடிக்குது. தொல்லை தாங்காம நோட்டிபிகேஷன் மொத்தத்தையும் அணைச்சு வைக்கிறாங்க. அதோட பணத் தகவலும் போச்சு. ஆண்ட்ராய்டில் 2017 முதலே விளம்பரத்துக்குத் தனி சேனல், பணத்துக்குத் தனி சேனல் வைக்க வழி இருக்கு. ஆப் செய்யறவங்க மனசு வெச்சாப் போதும்.

நான் சொல்றது இவ்வளவுதான். பணத் தகவலுக்கு நோட்டிபிகேஷன் கூடுதலா இருக்கட்டும், எஸ்.எம்.எஸ்.ஸுக்கு மாற்றா வேண்டாம். நோட்டிபிகேஷன் போனில் சேர்ந்ததுன்னு ஆப் பதில் சொல்லலைன்னா எஸ்.எம்.எஸ். தானா போகணும்.

அடுத்த லீவுக்கு ஊருக்குப் போறவங்க ஒரு பத்து நிமிஷம் ஒதுக்குங்க. பாஸ்புக்கில் அம்மாவோட இப்போதைய நம்பர்தான் இருக்கான்னு பாருங்க. ஆப்பில் பண அறிவிப்பை மட்டும் ஆன் பண்ணி, பேட்டரி சேமிப்பிலிருந்து அந்த ஆப்புக்கு விலக்கு கொடுங்க. பத்து ரூபாய் அனுப்பி மணி அடிக்குதான்னு பக்கத்தில் உட்கார்ந்து கேளுங்க. கொண்டு போற சாக்லேட்டை விட இது உபயோகமா இருக்கும்.